கேம் விக்குகிறதா? பிள்ளையைத் திட்டுவதற்கு முன் நாடி பாருங்கள்!

"டாக்டர், இவனுக்கு ஓயாத தலைவலி. கண்ணாடி போட்டும் போகலை. ராத்திரி பதினோரு மணிக்கு மேசையைக் குத்துறான். மனசு சம்பந்தப்பட்ட கோளாறா இருக்குமோன்னு பயமா இருக்கு!"

போன மாதம் ஒரு தாய் என்னிடம் இப்படிச் சொன்னார். பக்கத்தில் பத்தாம் வகுப்புப் படிக்கும் பையன். அவன் அப்பாவும் வந்திருந்தார்.

பையனிடமே கேட்டேன். "ஏம்ப்பா மேசையைக் குத்தினே?"

"லேக் ஆகுது அங்கிள். முக்கியமான நேரத்துல படம் நின்னுடுது. யாரும் நம்ப மாட்டேங்கறாங்க."

அப்பா குறுக்கிட்டார்: "புது கம்ப்யூட்டர்தான் வழின்னு கடையில சொல்லிட்டாங்க. எண்பதாயிரம் ஆகுமாம். சீட்டுப் பணத்தை எடுக்கலாம்னு இருக்கேன்."

'சித்த வைத்தியருக்கு இதில் என்ன வேலை?' என்று நீங்கள் கேட்கலாம். நியாயமான கேள்விதான். ஆனால் இந்தப் பாடத்தை நான் என் வீட்டிலேயே படித்தவன். கொஞ்சம் விலை கொடுத்துப் படித்தவன்.

என் வீட்டுக் கதை

2020-ல் ஊரடங்கு நேரம். என் மகன் வேலொரன்ட் என்ற ஆன்லைன் கேம் ஆடுவான். அந்த ஆண்டு ஜூனில் வெளியான கேம் அது. ஐந்து பேர் ஒரு பக்கம், ஐந்து பேர் எதிர்ப்பக்கம். "படம் விக்குதுப்பா" என்று தினமும் புலம்புவான். தோற்றுப்போவதற்குச் சாக்கு சொல்கிறான் என்று நினைத்தேன். ஒருநாள் கோபத்தில், ஆட்டத்தின் நடுவிலேயே பிளக்கைப் பிடுங்கிவிட்டேன். எட்டு நாள் அவன் என்னோடு பேசவில்லை.

ஒன்பதாம் நாள் கம்ப்யூட்டர் பெட்டியின் பக்கவாட்டு மூடியைக் கழற்றி என்னைக் கூப்பிட்டுக் காட்டினான். உள்ளே மின்விசிறியிலும் உலோகத் தகடுகளிலும் மெத்தையாக அப்பியிருந்தது பழுப்பு நிறத் தூசு. முகர்ந்து பார்த்தேன். சுக்கு வாசனை! அடுத்த அறையில் நான் சூரணம் சலிக்கும்போது பறந்த தூள்தான் அது. நோயைக் கொடுத்தவன் நான். திட்டு வாங்கியவன் பிள்ளை.

சுத்தம் செய்தபின் விக்கல் நின்றது. அன்று முதல், "லேக் ஆகுது" என்று எந்தப் பிள்ளை சொன்னாலும் நோயாளி சொல்வதைக் கேட்பதுபோலவே காது கொடுத்துக் கேட்கிறேன்.

முதலில் நாடி

பாளையங்கோட்டையில் படித்தபோது எங்களுக்கு எண்வகைத் தேர்வு சொல்லிக் கொடுத்தார்கள். நாடி, ஸ்பரிசம், நா, நிறம், மொழி, விழி, மலம், மூத்திரம். இவற்றைப் பார்த்த பிறகுதான் மருந்து. கம்ப்யூட்டருக்கும் நாடி உண்டு. வேலொரன்ட்டில் செட்டிங்ஸ் போய், வீடியோ, அதில் ஸ்டாட்ஸ் என்ற பகுதியைத் திறந்தால் மூன்று எண்களைத் திரையிலேயே காட்டச் சொல்லலாம்.

ஒன்று எஃப்.பி.எஸ். அதாவது, ஒரு விநாடிக்கு எத்தனை படம் வரையப்படுகிறது என்பது. 60 என்றால் ஒரு படத்துக்குக் கிடைக்கும் நேரம் சுமார் 16.7 மில்லி செகண்டு. 144 என்றால் 7 மில்லி செகண்டுக்கும் கொஞ்சம் குறைவு.

இரண்டாவது பிங். உங்கள் வீட்டிலிருந்து கேம் சர்வருக்குச் செய்தி போய்த் திரும்பும் நேரம்.

மூன்றாவது பாக்கெட் லாஸ். வழியில் தொலைந்துபோகும் செய்திகள். இது பூஜ்யமாக இருப்பதே ஆரோக்கியம்.

இப்போது விக்கல் வரும் நேரத்தில் எந்த எண் கெடுகிறது என்று பாருங்கள். எஃப்.பி.எஸ். விழுந்தால் நோய் பெட்டிக்குள்ளே. எஃப்.பி.எஸ். நிதானமாக இருந்து பிங் எகிறினால், அல்லது செய்திகள் தொலைந்தால், நோய் இன்டர்நெட் வழியில். இது தெரியாமல்தான் பலர் நெட் கோளாறுக்கு கிராபிக்ஸ் கார்டு வாங்குகிறார்கள். சூடேறிய பெட்டிக்கு நெட் பிளானை மாற்றுகிறார்கள்!

சராசரி எண்ணை மட்டும் நம்பாதீர்கள். சராசரி 100 என்றே காட்டும். நடுவில் ஒரே ஒரு படம் கால் விநாடி தாமதமானால்கூட ஆடுகிறவனுக்கு அது பெரிய விக்கல். ஸ்டாட்ஸில் எண்ணோடு வரைபடத்தையும் காட்டச் சொன்னால் அந்த மேடுபள்ளம் தெரியும்.

இனி, எனக்குப் பழக்கமான முறையில் வாதம், பித்தம், கபம் என்று பிரித்துச் சொல்கிறேன். இது புரிவதற்காகச் சொல்லும் ஒப்புமைதான்.

வாதம்: போக்குவரத்துக் கோளாறு

பிங் 40-லேயே நிலையாக இருந்தால் தொல்லை இல்லை. 20-க்கும் 150-க்கும் தாவினால்தான் எதிராளி திடீரென்று இடம் மாறித் தோன்றுவான்.

* முடிந்தால் வைஃபையை விட்டுவிட்டு ரூட்டரிலிருந்து நேராக லேன் கேபிள் போடுங்கள். பெரும்பாலான வீடுகளுக்கு இந்த ஒரு வைத்தியமே போதும்.
* கேபிள் முடியாதென்றால் 2.4 கிகாஹெர்ட்ஸுக்குப் பதில் 5 கிகாஹெர்ட்ஸ் வைஃபையில் சேருங்கள். மைக்ரோவேவ் அடுப்பு 2.4-ஐத்தான் தொந்தரவு செய்யும். ஆனால் 5 சுவர்களை அவ்வளவாகத் தாண்டாது. ரூட்டர் அதே அறையிலோ பக்கத்திலோ இருக்க வேண்டும். இரும்பு பீரோவுக்குப் பின்னால் ரூட்டரை ஒளித்து வைக்காதீர்கள்.
* அந்த நேரத்தில் வீட்டில் யாருடைய செல்போனாவது கல்யாண வீடியோக்களை மேலே ஏற்றிக்கொண்டிருக்கிறதா என்று பாருங்கள்.

பித்தம்: சூடு

இதன் குணம் தனி. ஆட்டம் ஆரம்பத்தில் நன்றாக ஓடும். இருபது நிமிடம் கழித்துத் தளரும். அணைத்து ஆறவிட்டால் மறுபடி சரியாகும். சிப்கள் கருகாமல் தப்பிக்க, சூடு எல்லை மீறும்போது தாமாகவே வேகத்தைக் குறைத்துக்கொள்கின்றன. அது நோயில்லை, தற்காப்பு. நம் உடம்பு காய்ச்சலில் படுக்கச் சொல்வதில்லையா, அதுபோல.

கன்ட்ரோல், ஷிஃப்ட், எஸ்கேப் மூன்றையும் சேர்த்து அழுத்தினால் டாஸ்க் மேனேஜர் வரும். அதில் பெர்ஃபார்மன்ஸ் பக்கத்தில், தனி கிராபிக்ஸ் கார்டு இருந்தால் அதன் வெப்பநிலை தெரியும். பிராசசரின் வேகமும் அங்கேயே தெரியும். ஆட்டம் சூடுபிடிக்கும்போது அந்த வேகம் சரிந்தால் சந்தேகம் உறுதி.

வைத்தியம்: மின் இணைப்பைப் பிடுங்கிவிட்டு, மூடியைக் கழற்றி, ஊதுகுழல் இயந்திரத்தால் தூசை வெளியேற்றுங்கள். அப்போது விசிறி சுழலாமல் விரலால் பிடித்துக்கொள்ளுங்கள். ஈரத்துணி கூடாது. மின்சாரம் வரும் பவர் சப்ளை பெட்டியை மட்டும் ஒருபோதும் பிரிக்காதீர்கள். லேப்டாப் என்றால் மெத்தையிலும் தலையணையிலும் வைத்து ஆடக் கூடாது. அடியில் இருக்கும் மூச்சுத் துவாரம் அடைபடும். சாம்பிராணி போடும் அறையில் பெட்டியை வைக்காதீர்கள். சூரணம் சலிக்கும் அறைக்குப் பக்கத்திலும்தான்!

கபம்: அடைப்பும் சுமையும்

* பின்னால் இருபது பக்கம் திறந்த பிரவுசர் நினைவகத்தை விழுங்கும். மூடுங்கள்.
* நினைவகம் ஒரே குச்சியாக இருப்பதைவிட, அதே அளவு இரண்டு குச்சியாகப் பிரிந்திருந்தால் இரட்டை வழி கிடைக்கும். தனி கார்டு இல்லாத கம்ப்யூட்டரில் இதன் பலன் நன்றாகவே தெரியும்.
* கேமின் கிராபிக்ஸ் பகுதியில் மெட்டீரியல், டெக்ஸ்சர், டீடெய்ல் மூன்றையும் 'லோ'வுக்கு இறக்கிப் பாருங்கள்.
* பெரிய அப்டேட் வந்த பிறகு முதல் சில ஆட்டங்கள் விக்கினால் பயப்பட வேண்டாம். புதிதாகச் சில வேலைகளை மெஷின் ஒருமுறை செய்து சேமித்துக்கொள்கிறது. தானே அடங்கும்.
* லேப்டாப்பை பேட்டரியில் ஆடினால் வேகம் குறையும். சார்ஜரைச் செருகி ஆடச் சொல்லுங்கள்.

படமே சிதைந்தால்?

படம் குறுக்கே கிழிந்ததுபோல் தெரிந்தால், கார்டு அனுப்பும் வேகமும் திரை மாற்றும் வேகமும் ஒத்துப்போகவில்லை என்று அர்த்தம். விசின்க் போட்டால் கிழிசல் போகும். ஆனால் மவுஸ் கொஞ்சம் மந்தமாகத் தோன்றலாம். 144 ஹெர்ட்ஸ் திரை வாங்கிவிட்டு, விண்டோஸில் 60 என்றே விட்டிருப்பவர்களும் உண்டு. டிஸ்ப்ளே செட்டிங்ஸில் அதையும் பாருங்கள்.

கட்டம் கட்டமாக நிறம் சிதறினால் முதலில் கிராபிக்ஸ் டிரைவரை நீக்கிவிட்டுப் புதிதாகப் போடுங்கள். கேம் பைல்களையும் ரிப்பேர் செய்யுங்கள். விண்டோஸ் வருவதற்கு முன்பே, அதாவது மெஷின் போட்டதும் வரும் முதல் திரையிலேயே, சிதறல் இருந்தால் அது பெரும்பாலும் கார்டு, கேபிள் அல்லது திரையின் கோளாறு. அப்போது மெக்கானிக்கிடம் போவதே சரி.

ஒரு எச்சரிக்கை: ஒரு நேரத்தில் ஒரே ஒரு மாற்றம்! ஒரே நாளில் நாலு மருந்து கொடுத்தால் எது குணப்படுத்தியது, எது கெடுத்தது என்று எந்த வைத்தியனாலும் சொல்ல முடியாது. நோட்டில் எழுதிக்கொண்டு மாற்றுங்கள்.

சில நேரம் குற்றம் நம் வீட்டிலேயே இருக்காது

ஜி.டி.ஏ. ஆன்லைன் என்ற பிரபல கேம் 2015-ல் கம்ப்யூட்டருக்கு வந்தது. திறப்பதற்குப் பல நிமிடம் ஆகும். ஆடுகிறவர்கள் தங்கள் மெஷினைத்தான் நொந்துகொண்டார்கள். 2021 பிப்ரவரியில் ஆட்டக்காரர் ஒருவரே உள்ளே புகுந்து ஆராய்ந்தார். கேம் திறக்கும்போது சுமார் 63,000 பொருட்கள் கொண்ட 10 எம்.பி. பட்டியல் ஒன்றைப் படிக்கிறது. ஒவ்வொரு பொருளைச் சேர்க்கும்போதும், 'இது ஏற்கெனவே இருக்கிறதா?' என்று முதலிலிருந்து தேடுகிறது. மொய் எழுதுகிறவர் ஒவ்வொரு பெயருக்கும் நோட்டை முதல் பக்கத்திலிருந்து புரட்டினால் கல்யாணம் என்று முடியும்? கணக்குப் போட்டால் இது சுமார் 198 கோடி ஒப்பீடு! அவர் இதையும், பட்டியலைப் படிக்கும் முறையில் இருந்த இன்னொரு பிழையையும் திருத்தினார். ஆறு நிமிடம் இரண்டு நிமிடத்துக்கும் கீழே வந்தது. கம்பெனியும் ஒப்புக்கொண்டு, மார்ச்சில் திருத்தத்தை வெளியிட்டு, அவருக்கு 10,000 டாலர் பரிசு கொடுத்தது.

அதே 2021 ஜூலையில், அமேசானின் நியூ வேர்ல்டு கேமின் சோதனை ஓட்டத்தில் விலை உயர்ந்த சில கிராபிக்ஸ் கார்டுகள் செத்துப்போயின. மெனு திரையில் எஃப்.பி.எஸ்.ஸுக்கு வரம்பு இல்லாமல் ஓடியதும் பேச்சானது. பிறகு அதற்கு வரம்பு வைத்தார்கள். கார்டுகளில் பற்றவைப்புக் குறை இருந்ததாக, தயாரித்த ஈவிஜிஏ நிறுவனம் பின்னர் சொன்னது. நமக்கு இதில் பாடம்: வேலொரன்ட்டிலும் மெனுவில் எஃப்.பி.எஸ். வரம்பு வைக்க வசதி இருக்கிறது. வைத்துவிடுங்கள். சூடும் குறையும், கரன்ட்டும் மிச்சம்.

இனி உடம்புக்கு வருவோம்

திரையை உற்றுப் பார்க்கும்போது இமைப்பது பாதிக்கும் கீழே குறையலாம். கண் காய்ந்து எரியும். 20 நிமிடத்துக்கு ஒருமுறை, 20 அடி தூரத்தில் உள்ளதை, 20 விநாடி பார்க்கச் சொல்லுங்கள். ஆட்டம் முடிந்த இடைவேளைகளில் செய்தாலும் போதும். இருட்டறையில் ஆட வேண்டாம்.

விக்கி விக்கி ஓடும் படம் சிலருக்குக் குமட்டலையும் தலைசுற்றலையும் கொடுக்கும். கண் ஒன்று சொல்கிறது, காதுக்குள் இருக்கும் சமநிலை உறுப்பு வேறொன்று சொல்கிறது. பஸ்ஸில் படித்தால் வருவதும் இதே உபாதைதான்.

கண் எரிகிறதென்று தேன், பன்னீர் என்று எதையும் கண்ணில் விடாதீர்கள். சித்த வைத்தியனாகவே சொல்கிறேன். கண் மருத்துவரிடம் பவர் பார்த்துக்கொள்ளுங்கள்.

மினுக்கும் திரையை அலட்சியம் செய்யாதீர்கள். 1997 டிசம்பரில் ஜப்பானில் போக்கிமான் டி.வி. தொடரில் சிவப்பும் நீலமும் வேகமாக மினுக்கிய ஒரு காட்சியைப் பார்த்து, 600-க்கும் மேற்பட்டவர்கள் மருத்துவமனைக்குப் போக நேர்ந்தது. பிள்ளைக்கு வலிப்போ, நினைவு தப்புவதோ நேர்ந்தால் உடனே நரம்பியல் நிபுணரிடம் போங்கள்.

அந்தப் பையன் என்ன ஆனான்?

மருந்துச் சீட்டில் மருந்து எழுதவில்லை. மேலே சொன்ன சோதனைகளை எழுதிக் கொடுத்தேன். "அப்பாவும் பிள்ளையும் சேர்ந்து செய்யணும்" என்று ஒரு நிபந்தனையும் போட்டேன்.

பத்து நாள் கழித்து வந்தார்கள். அப்பா முகத்தில் வெட்கம் கலந்த சிரிப்பு. பொங்கலுக்கு வெள்ளையடிக்கும்போது கம்ப்யூட்டரை நகர்த்தியிருக்கிறார்கள். திருப்பி மாட்டும்போது திரையின் கேபிளை கிராபிக்ஸ் கார்டில் செருகாமல் மேலே இருந்த மதர்போர்டு துளையில் செருகிவிட்டார் அவர். பிராசசருக்குள்ளேயே சின்ன கிராபிக்ஸ் இருந்ததால் படம் வந்தது; பெரிய கார்டு சும்மா கிடந்தது! கேபிளை மாற்றிச் செருகினார்கள். செலவு பூஜ்யம். எண்பதாயிரம் சீட்டிலேயே இருக்கிறது.

தலைவலி கேபிளால் மட்டும் தீரவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். கண்ணாடியின் பவர் பழசு. தூக்கமோ ஐந்து மணி நேரம். பவரை மாற்றி, பத்து மணிக்கு மெஷினை அணைப்பது என்று அவனே ஒப்புக்கொண்ட பிறகுதான் குறைந்தது.

கிளம்பும்போது பையன் சொன்னான்: "அப்பா இப்ப பிங்னா என்னன்னு அம்மாவுக்குச் சொல்லித் தர்றாரு அங்கிள்!"

உங்கள் பிள்ளையும் "லேக் ஆகுது" என்றால் இன்றைக்குப் பத்து நிமிடம் அவன் பக்கத்தில் ஒரு நாற்காலி போட்டு உட்காருங்கள். அந்த மூன்று எண்களையும் காட்டச் சொல்லுங்கள். அவன் சொல்வது உண்மையாகவே இருக்கலாம்.