மறதியாறு

மனிதன் அஞ்சுவன உலகிற் பல. இடியும் வெள்ளமும் காட்டுத்தீயும் உடலுக்கு ஊறு விளைப்பன, உடைமைகளை அழிப்பன. ஆனால், உடலுக்கு யாதொரு தீங்கும் செய்யாமல், உள்ளத்திலுள்ள நினைவுகளை மட்டும் துடைத்துவிடும் ஆறு ஒன்று உண்டெனப் பண்டைக் கிரேக்கர் நம்பினர். அதனை அவர்கள் லீத்தி என்று அழைத்தனர். மறதி என்பதே அச்சொல்லின் பொருள். அந்த ஆறு இறந்தோர் வாழும் கீழுலகில் ஓடுகின்றது என்பது அவர்கள் கொள்கை. அதன் நீரைப் பருகிய உயிர் தன் ஊரையும் உற்றாரையும் மறந்துவிடுமாம். பிளேட்டோ என்னும் பேரறிஞர் தம் 'குடியரசு' என்ற நூலின் இறுதியில் இத்தகைய ஆறு ஒன்றைக் குறிப்பிடுகின்றார். மீண்டும் பிறக்கச் செல்லும் உயிர்கள் யாவும் அதன் நீரை ஓரளவு பருகியே தீரவேண்டும். விவேகமற்ற உயிர்களோ அளவுக்கு மிஞ்சிப் பருகின என்பது அவர் கூறும் கதை.

கற்பனையிற் பிறந்த இந்த ஆறு, காலப்போக்கில் மண்ணுலகிலும் ஓரிடத்தைப் பெற்றது. ஐபீரியத் தீவக்குறையின் வடமேற்கில் லிமா என்னும் ஆறு ஓடுகின்றது. அது ஸ்பெயின் நாட்டில் தோன்றிப் போர்ச்சுகல் நாட்டின் வழியாகச் சென்று அட்லாண்டிக் பெருங்கடலிற் கலக்கின்றது. அதன் நீளம் 100 கிலோமீட்டருக்குச் சற்றே மிகுதி. அமைதியாக ஓடும் இந்தச் சிற்றாற்றையே மறதியாறு என மக்கள் கருதினர்.

கி.மு. 138ஆம் ஆண்டில் உரோமாபுரியின் கான்சல் என்னும் உயர் பதவியை ஏற்றவன் டெசிமஸ் ஜூனியஸ் புரூட்டஸ் என்பான். ஜூலியஸ் சீசரைக் கொன்றோருள் இருவர்க்கும் புரூட்டஸ் என்னும் பெயர் உண்டு. இவனோ அவர்களுக்கு ஏறத்தாழ ஒரு நூற்றாண்டு முற்பட்டவன். இவன் படையுடன் மேற்குக் கடற்கரைப் பகுதிகளை வென்று வடக்கு நோக்கிச் சென்றான். வழியில் லிமா ஆறு குறுக்கிட்டது. அதுவரை போருக்கும் சாவுக்கும் அஞ்சாத வீரர்கள் அதன் கரையில் திகைத்து நின்றனர். வாளால் வரும் பகையை வாளால் தடுக்கலாம். நினைவைக் கவரும் நீரை எதனால் தடுப்பது? பெற்றோரையும் பிறந்த நாட்டையும் மறந்தபின் உயிர் வாழ்ந்து பயன் யாது? இவ்வாறு எண்ணிப்போலும், அவர்கள் ஆற்றைக் கடக்க மறுத்தனர்.

புரூட்டஸ் வீரர்களின் அச்சத்தைத் தன் செயலால் போக்கினான். கொடி தாங்குவோன் கையிலிருந்த படைக்கொடியைப் பறித்தான். தானே அதனை ஏந்தி நீரில் இறங்கி அக்கரை சேர்ந்தான். அதனைக் கண்டு வீரர்களும் மனந்தேறி ஆற்றைக் கடந்தனர். லிவி என்ற உரோம வரலாற்றாசிரியர் எழுதிய நூலின் பழைய சுருக்கம் ஒன்று இதனைத் தெரிவிக்கின்றது. அப்பகுதி மக்கள் வழங்கிவரும் கதையோ இன்னும் ஒரு செய்தியைச் சேர்த்துக் கூறும். அக்கரையில் நின்ற தலைவன், தன் வீரர்களை ஒவ்வொருவராகப் பெயர் சொல்லி அழைத்தானாம். நினைவு அழியவில்லை என்பதற்கு அதனினும் சிறந்த சான்று வேண்டுமோ? போர்ச்சுகலிலுள்ள பொந்தெ தெ லிமா என்னும் ஊரில், ஒரு கரையில் வீரர்களின் உருவங்களும் மறு கரையில் குதிரைமீது அமர்ந்த தலைவனின் உருவமும் இக்கதையை நினைவூட்டி நிற்கின்றன.

அந்த ஆற்றுக்கு மறதி என்னும் பெயர் எவ்வாறு வந்தது? ஸ்ட்ராபோ என்னும் கிரேக்க நிலநூல் அறிஞர் இதற்கு ஒரு காரணம் கூறுகின்றார். முன்னொரு காலத்தில் இரண்டு இனத்தார் ஒன்றுகூடி அப்பகுதியின்மீது படையெடுத்துச் சென்றனர். லிமாவைக் கடந்தபின் அவர்களுக்குள் கலகம் மூண்டது. தலைவனையும் அவர்கள் இழந்தனர். ஆகவே, மேலே செல்லாமலும் ஊர் திரும்பாமலும் சிதறி அங்கேயே தங்கிவிட்டனர். இதனாலேயே மறதியாறு என்னும் பெயர் தோன்றியது என்பது அவர் கருத்து.

இவ்விரு கதைகளையும் ஒப்புநோக்கின் ஓர் உண்மை புலனாகும். இரு படையினரும் கடந்தது ஒரே ஆறு. அதன் நீரும் ஒன்றே. ஒற்றுமை குலைந்தவர்கள் தாம் வந்த வழியை மறந்தனர். ஒருவரையொருவர் பெயர் சொல்லி அழைத்தவர்கள் எதனையும் மறவாது கரையேறினர். மக்களின் நினைவை அழிப்பது ஆற்று நீர் அன்று. அவர்களிடையே தோன்றும் பிளவே ஆகும். லிமா ஆறு இன்றும் ஓடிக்கொண்டிருக்கின்றது. அதனை நாள்தோறும் கடப்போர் எவரும் தம் பெயரை மறந்ததில்லை.