முத்திரை வேறு, பதிவு வேறு

முத்திரைத் தாளில் எழுதிச் சாட்சிகளுடன் கையெழுத்தாகிவிட்டால் நிலம் தமக்குச் சொந்தமாகிவிட்டதென்று எண்ணுவோர் கிராமங்களில் இன்றும் பலர் உளர். அத்தாளை ஈடாகக் காட்டிக் கூட்டுறவுச் சங்கத்தில் கடன் கேட்கும்போதுதான், வில்லங்கச் சான்றில் விற்றவர் பெயரே நிற்பது வெளிப்படுகிறது. கொடுத்த பணம் கொடுத்ததுதான். ஆனால் சங்கம் அந்நிலத்தை ஈடாக ஏற்க வழியில்லை.

முத்திரைத் தீர்வை என்பது சர்க்காருக்குச் சேர வேண்டிய வரி. அதற்கு விதி 1899-ம் வருஷத்து இந்திய முத்திரைச் சட்டம். பதிவு என்பது, சொத்து கைமாறியதைச் சார்பதிவாளர் கச்சேரியின் புத்தகத்தில் ஏற்றி எவரும் அறியச் செய்வது. அதற்கு விதி 1908-ம் வருஷத்துப் பதிவுச் சட்டம். 100 ரூபாயும் அதற்கு மேற்பட்ட மதிப்பும் உள்ள ஸ்தாவர சொத்தின் கிரய சாசனம் பதிவாகாவிடில் உரிமை மாறுவதில்லை.

தீர்வையிலுள்ள குறை தீர்க்கக்கூடியது. ஆயினும் அதற்குச் செலவு அதிகம். குறைந்த தீர்வையுள்ள பத்திரம் நீதிமன்றத்துக்கு வந்தால், குறைவுத் தொகையையும் அதைப்போல் 10 மடங்கு அபராதத்தையும் கட்டிய பின்னரே அது சாட்சியமாக ஏற்கப்படும். குறைவு 20,000 ரூபாயெனில் அபராதம் மட்டும் 2,00,000 ரூபாய். அதே பத்திரத்தைக் கலெக்டருக்கு அனுப்பித் தீர்மானிக்கும்படி கேட்டுக்கொண்டால், அவர் 10 மடங்குக்கு உட்பட்டு, நிலைமையைப் பார்த்துக் குறைவாகவும் விதிக்கலாம். இந்த வித்தியாசத்தை அறியாமல் வழக்காடுவோர் வீணாக நஷ்டப்படுகின்றனர். இதனினும் சுலபமான வழி ஒன்றுண்டு. தவறுதலாலோ அவசரத்தாலோ தீர்வை குறைந்துவிட்டதென்று, கையெழுத்தான தேதியிலிருந்து ஒரு வருஷத்துக்குள் தாமாகவே கலெக்டரிடம் பத்திரத்தைக் கொண்டுபோய்க் குறைவைக் கட்ட முன்வருவோரிடம், அவர் திருப்தியடைந்தால் அபராதமின்றியே ஏற்றுக்கொள்ளலாம்.

இவை யாவும் அசல் பத்திரத்துக்கே பொருந்தும். தீர்வையில்லாத அசலின் நகலுக்கு அபராதம் கட்டிச் செல்லுபடியாக்க முடியாதென்று சுப்ரீம் கோர்ட்டு 1971-ல் தீர்ப்பளித்தது. அசலை விற்றவரிடமே விட்டுவைப்பது எவ்வளவு ஆபத்தென்பது இதனால் விளங்கும்.

பதிவின் விஷயம் வேறு. அபராதம் எவ்வளவு கட்டினாலும் பதிவாகாத கிரயம் பதிவான கிரயமாகிவிடாது. அனுபவம் எவ்விதத்தில் வந்தது என்பது போன்ற துணை விஷயத்தைக் காட்ட, தீர்வை சரியாக இருந்தால், அது உதவலாம், அவ்வளவே. கையெழுத்தான தேதியிலிருந்து நான்கு மாதத்துக்குள் பத்திரத்தைத் தாக்கல் செய்ய வேண்டும். தவிர்க்க முடியாத காரணத்தால் தவறினால், மாவட்டப் பதிவாளரின் உத்தரவின்மேல், பதிவுக் கட்டணத்தைப்போல் 10 மடங்கு வரை அபராதம் செலுத்தி இன்னும் நான்கு மாதம் பெறலாம். அதற்கப்பால் பதிவுக்கு ஏற்க அதிகாரமில்லை.

காலத்துக்குள் பதிவானால் பலன் கையெழுத்தான நாளிலிருந்தே தொடங்கும். சித்திரையில் கிரயம் எழுதிக் கொடுத்தவர், வைகாசியில் அதே நிலத்தை வேறொருவருக்கு எழுதி உடனே பதிவு செய்து கொடுத்துவிடுகிறார் என்று கொள்க. முதலில் வாங்கியவர் ஆடியில் பதிவு செய்துகொண்டாலும் முந்திய உரிமை அவருக்கே.

விற்றவர் கையெழுத்திட்ட பின் கச்சேரிக்கு வர மறுத்தால் சிலர் அவர் மனம் மாறட்டுமென்று மாதக்கணக்காகக் காத்திருக்கின்றனர். இது தகாது. வாங்கியவர் தாமே கெடுவுக்குள் பத்திரத்தைத் தாக்கல் செய்து, விற்றவருக்குச் சம்மன் அனுப்பும்படி கோரலாம். எழுதிக் கொடுக்கவேயில்லை என்று அவர் மறுத்து, அதனால் சார்பதிவாளர் பதிய மறுத்தால், அவ்வுத்தரவிலிருந்து 30 நாளைக்குள் மாவட்டப் பதிவாளரிடம் விண்ணப்பிக்க வேண்டும். அவரும் மறுத்தால், அதன் பின் 30 நாளைக்குள் சிவில் கோர்ட்டில் தாவா செய்ய வேண்டும்.