பாட்டுக்காரச் சிறுவன் ஒப்பனைக் கலைஞர் ஆனார்

தம்பி தங்கைகளே, ஆரம்பப் பள்ளியில் தேவாரப் போட்டியில் பரிசு வாங்கிய பிள்ளைகள் நம்ம வகுப்பில் நிறைய பேர் இருக்காங்க. படிவம் இரண்டு, மூன்று வந்ததும் குரல் உடையும். அதோட சிலர் வருவதையே நிறுத்திடுவாங்க. "இனிமே நான் எதுக்கு அண்ணா?" என்று ஒரு தம்பி நேராகவே கேட்டான். அவனுக்கு நான் சொன்ன ஆளைப் பற்றித்தான் இந்தப் பாடம்.

அவர் பெயர் டாமி கோல், அமெரிக்கர். 1955 அக்டோபர் 3ஆம் தேதி டிஸ்னியின் 'மிக்கி மவுஸ் கிளப்' தொலைக்காட்சியில் ஆரம்பமானது. எலிக் காது வைத்த தொப்பி, சட்டையில் பெரிய எழுத்தில் பெயர். பிள்ளைகள் பாடுவாங்க, ஆடுவாங்க, நடிப்பாங்க. அதில் சேர்ந்தபோது டாமிக்கு வயசு 13. நல்ல குரல். பல பிள்ளைகள் நடுவிலேயே மாற்றப்பட்டார்கள். படப்பிடிப்பு நடந்த மூன்று பருவமும் நிலைத்து நின்ற 9 பேரில் இவரும் ஒருவர்.

1959இல் நிகழ்ச்சி முடிந்தது. அப்போது அவருக்கு 17 வயசு. நம்ம ஊர்க் கணக்கில் எஸ்.பி.எம். எழுதும் வயசு. நாடே பெயர் சொல்லிக் கூப்பிட்ட பிள்ளை, இனி என்ன செய்யறது? கூட நடித்த அனெட் ஃபூனிசெல்லோ சினிமாவுக்குப் போனார். கபி ஓ'பிரையன் டிரம்ஸ் வாசிப்பவராகவே வாழ்ந்தார். டாமியோ பிறகு கேமராவுக்குப் பின்னால் போய், ஒப்பனைத் தொழிலைக் கற்றுக்கொண்டார்.

ஒப்பனை என்றால் பவுடர் பூசுவது என்று நினைக்காதீங்க. ஓர் இளைஞரைக் கிழவராக்க ஒரு வழி சொல்றேன். தோலை விரலால் இழுத்துப் பிடித்து, திரவ ரப்பரான லேடெக்ஸைப் பஞ்சால் மெல்ல ஒற்றணும். காற்றடித்துக் காயவைத்து, மேலே பவுடர் போட்டு, பிறகு தோலை விடணும். விட்டதும் சுருக்கம் தானாக விழும்! கண்ணோரம், கன்னம், கழுத்து என்று பகுதி பகுதியாகச் செய்யணும். பொறுமை இல்லாதவருக்கு இந்த வேலை சரிப்படாது. அதோட, படம் கதை வரிசைப்படி எடுக்கப்படுவதில்லை. காலையில் 60 வயசுக் காட்சி, மாலையில் 30 வயசுக் காட்சி என்று வரலாம். போன வாரம் போட்ட அதே சுருக்கம் இன்றைக்கும் அதே இடத்தில் இருக்கணும். அதற்காகப் புகைப்படம் எடுத்து வைத்து ஒப்பிட்டுப் பார்ப்பார்கள்.

1979இல் 'பேக்ஸ்டேர்ஸ் அட் தி ஒயிட் ஹவுஸ்' என்ற தொலைக்காட்சித் தொடர் வந்தது. வெள்ளை மாளிகையில் வேலை செய்த பணிப்பெண்கள், சமையல்காரர்களின் கதை. 1909 முதல் 1961 வரை, டாஃப்ட் தொடங்கி ஐசன்ஹவர் வரை 8 அதிபர்கள் வந்து போகிறார்கள். அதிபர் மாறுவார், பணியாளர்களுக்கு வயசு ஏறிக்கொண்டே இருக்கும். ஒப்பனைக்காரருக்கு எவ்வளவு வேலை என்று யோசிச்சுப் பாருங்க. அந்தத் தொடரின் ஒப்பனைக்காக டாமி கோலும் உடன் வேலை செய்த இருவரும் எம்மி விருது வாங்கினார்கள். சிறுவனாகப் பாடி வாங்காத விருது அது. பிற்காலத்தில் ஹாலிவுட் ஒப்பனை, சிகையலங்காரக் கலைஞர்களின் தொழிற்சங்கத்திலும் பொறுப்பு வகித்தார்.

சின்ன வயசில் கற்றது அவருக்கு வீண் போகவில்லை என்பது என் எண்ணம். விளக்குச் சூட்டில் நிற்பது எப்படி இருக்கும், அழைப்புக்குக் காத்திருக்கும் நடிகருக்கு வயிறு எப்படிக் கலங்கும் என்று தெரிந்தவர் அவர். காலையில் நடிகர் போய் உட்காரும் முதல் இடங்களில் ஒன்று ஒப்பனை நாற்காலி. அங்கே அப்படிப்பட்ட ஒருவர் இருந்தால் பாதிப் பயம் போயிடும், இல்லையா?

வகுப்பு வேலை: சென்ற திருவிழா நாடகத்தில் மேடைக்கு வராமல் உழைத்தவர்களைப் பட்டியல் போடுங்க. ஒலி, விளக்கு, உடை, ஒப்பனை, திரை இழுத்தவர் உட்பட. அதில் எந்த வேலையை, யாரிடம் போய்க் கற்றுக்கொள்வீங்க என்று பெயரோடு எழுதிட்டு வாங்க. விடுமுறை முகாம் நாடகத்துக்கு ஒப்பனை செய்ய இரண்டு பேர் தேவை. லேடெக்ஸ் வேண்டாம், சிலருக்குத் தோலில் ஒத்துக்காது. பவுடரும் பென்சிலும் போதும்.