கம்பி கூடினால் பலம் கூடுமா?



ஒரு சாக்பீஸின் இரு முனைகளையும் பிடித்து வளைத்துப் பாருங்கள். உடனே ஒடிந்துவிடும். ஒடிந்த துண்டை மேசைமீது நிறுத்தி, மேலிருந்து நேராக அழுத்துங்கள். எளிதில் நொறுங்காது. கான்கிரீட்டின் குணமும் இதுவே. அழுத்தத்தை நன்கு தாங்கும். இழுத்தால் விரிசல் விடும். எம்20 என்னும் தரமுள்ள கான்கிரீட், 28 நாள்களுக்குப் பின் சதுர மில்லிமீட்டருக்கு 20 நியூட்டன் அழுத்தத்தைத் தாங்க வேண்டும். ஆனால் வளையும்போது எழும் இழுவிசையைச் சுமார் 3 நியூட்டன் வரைதான் தாங்கும்.

இனி ஒரு நீண்ட ஸ்பாஞ்சுத் துண்டின் பக்கவாட்டில் செங்குத்துக் கோடுகள் வரையுங்கள். அதை இரு புத்தகங்களின்மேல் பாலம்போல் வைத்து நடுவில் அழுத்துங்கள். கோடுகள் மேற்புறம் நெருங்கும், கீழ்ப்புறம் விலகும். இரு சுவர்கள்மேல் கிடக்கும் உத்தரத்திலும் இவ்வாறே மேலே அழுத்தமும் கீழே இழுவிசையும் தோன்றுகின்றன. ஆகவேதான் முக்கியமான கம்பிகளைக் கீழ்ப்புறம் வைக்கிறார்கள்.

எவ்வளவு கம்பி வைப்பது? இந்தியாவில் இதற்கு வழிகாட்டுவது ஐ.எஸ். 456 என்னும் நெறிமுறை நூல். 1953 இல் முதலில் வெளிவந்த இந்நூலில், 1978 திருத்தத்தின்போது ‘எல்லை நிலை’ முறை இடம்பெற்றது. 2000 இல் இது மீண்டும் திருத்தப்பட்டது.

இம்முறையில் முதலில் பளுவைக் கூட்டி மதிப்பிட வேண்டும். 12.5 செ.மீ. கனமுள்ள ஒரு தளத்தை எடுத்துக்கொள்வோம். கம்பியுடன் கூடிய கான்கிரீட்டின் எடை கன மீட்டருக்கு 25 கிலோநியூட்டன். எனவே ஒரு சதுர மீட்டர் தளத்தின் எடை 25 × 0.125 = 3.125 கிலோநியூட்டன். வீட்டு அறையில் ஆள்களுக்கும் பொருள்களுக்குமாக 2 சேர்த்தால் 5.125. தரைப்பூச்சை இப்போதைக்கு விட்டுவிடுவோம். இதை 1.5 ஆல் பெருக்க, ஏறக்குறைய 7.7 கிலோநியூட்டன் ஆகிறது. இந்தப் பளுவுக்கே தளத்தை வடிவமைக்க வேண்டும்.

அடுத்து, பொருள்களின் வலிமையைக் குறைத்து மதிப்பிட வேண்டும். கான்கிரீட்டின் வலிமையை 1.5 ஆலும், கம்பியின் வலிமையை 1.15 ஆலும் வகுக்கிறோம். ஏன் இந்த வேறுபாடு? கம்பி தொழிற்சாலையில் கட்டுப்பாட்டுடன் தயாராகிறது. கான்கிரீட்டோ பெரும்பாலும் வேலை நடக்கும் இடத்தில் கலக்கப்படுகிறது. தண்ணீர் சற்றுக் கூடினாலும், சரியாகக் கெட்டிக்காவிட்டாலும் அதன் வலிமை குறைந்துவிடும்.

“கம்பியைத் தாராளமாகப் போட்டுவிட்டால் பயமில்லையே!” என்று நீங்கள் கேட்கலாம். கம்பி அளவோடு இருக்கும் உத்தரத்தில், பளு மிகும்போது முதலில் கம்பி நீளும். விரிசல்கள் அகலும், உத்தரம் தொய்யும். உள்ளே இருப்பவர்கள் அதைக் கண்டு வெளியேற நேரம் கிடைக்கும். கம்பி மிகுந்த உத்தரம் சற்றுக் கூடுதலான பளுவைத் தாங்கலாம். ஆனால் அதில் கம்பி நீளுமுன் மேற்புறக் கான்கிரீட் திடீரென்று நொறுங்கும்; தப்பியோட நேரமிராது!

கம்பி கூடக்கூட, அதை ஈடுகட்ட மேலேயுள்ள அழுத்தப் பகுதியும் ஆழமாகிறது. ஆகவே நெறிமுறை அந்த ஆழத்துக்கு ஓர் எல்லை வகுத்துள்ளது. 415 தரக் கம்பியானால், உத்தரத்தின் மேல் விளிம்பிலிருந்து கம்பியின் மையம் வரையுள்ள ஆழத்தில் 0.48 பங்கை அது தாண்டலாகாது. உத்தரம் எவ்வளவு தாங்கும் என்பதோடு, எப்படி முறியும் என்பதையும் வடிவமைப்பவர் எண்ணிப் பார்க்க வேண்டும் என்பதே இவ்விதியின் உட்கருத்து.

கடைசியாக ஒரு சோதனை. அதே ஸ்பாஞ்சின் ஒரு முனையை மேசையோடு சேர்த்துப் பிடித்துக்கொண்டு, வெளியே நீட்டிய முனையை அழுத்துங்கள். இப்போது மேற்புறக் கோடுகள் விலகுகின்றன அல்லவா? ஜன்னலுக்கு மேலுள்ள சன்ஷேடும் இவ்வாறு நீட்டியிருப்பதே. அதில் கம்பி மேற்புறம் இருக்க வேண்டும். கான்கிரீட் போடும்போது ஆள்கள் மிதித்து அது கீழே இறங்கிவிட்டால், கம்பி இருந்தும் பயனில்லை. உங்கள் தெருவில் சன்ஷேடு வார்க்கும் நாளில் கம்பி எங்கே இருக்கிறது என்று பாருங்கள். கீழே கிடந்தால் மேஸ்திரியிடம் சொல்லத் தயங்காதீர்கள்.