தைவான் தீவின் படத் தொகுப்பாளர் ஒருவர்

சலனப் படங்களைக் கண்டு களிப்போர் நடிகர் பெயரை அறிவர். டைரக்டர் பெயரையும் ஓரளவு அறிவர். படத்தைத் தொகுத்தவர் யாரென வினவுவார் மிகச் சிலரே. ஆதலின் தைவான் தீவில் அத்தொழிலாற் புகழெய்திய லியாவ் சிங்-சுங் என்பாரைப் பற்றி ஈண்டுச் சிறிது ஆராய்வோம்.

1950ஆம் ஆண்டிற் பிறந்த இவர், ஆளுங்கட்சிக்கு உரிமையாயிருந்த மத்தியத் திரைப்படக் கழகத்தில் தொழில் பயின்றார். 1982இல் இளம் டைரக்டர் நால்வர் பகுதி பகுதியாக எடுத்த 'நம் காலத்தில்' என்னும் படத்தோடு அங்கே புதுநெறி ஒன்று தோன்றிற்று. எட்வர்ட் யாங், ஹௌ சியாவ்-சியென் முதலிய புதியோர் படங்கள் பல இவர் மேசைக்கே வந்து சேர்ந்தன. அப்புதுப் படங்களின் செவிலித்தாய் என்று இவரை அழைப்பர். பெற்றவர் பிறர், வளர்த்தவர் இவர் என்பது கருத்துப் போலும்.

தொகுத்தலின் பொதுவிதி எளியது. ஒருவன் கதவைத் திறப்பான். அடுத்த துண்டில் அறைக்குள் நுழைவான். முன்னது காரணம், பின்னது காரியம். ஹௌ இயக்கி 1989இல் வெளிவந்த 'துயர நகரம்' படத்தில் லியாவ் இவ்விதியைப் பெரும்பாலும் கைவிட்டார். அதைத் தொகுத்த நாட்களில் தாங் காலத்துப் புலவர் தூ ஃபூவின் செய்யுட்களைப் படித்து வந்தாராம். அச்செய்யுட்களில் ஈரடிகள் இணைப்புச் சொல்லின்றி அருகருகே நிற்கும். இயைபைப் படிப்பவரே காணவேண்டும். அவ்வாறே இவரும் துண்டுகளை நிகழ்ச்சியாற் கோவாது உணர்ச்சியாற் கோத்தார்.

இதனை வெறுந் தொழில்நயம் என்று கொள்ளுதல் தகாது. 1947ஆம் ஆண்டுப் பிப்ரவரியில் எழுந்த கிளர்ச்சியை அரசு இரத்தம் சிந்தி அடக்கியது. 1949 முதல் 1987 வரை நிலவிய இராணுவச் சட்டத்தின்கீழ் அதைப்பற்றி வெளிப்படப் பேசுவார் இல்லை. அதனைத் திரையில் முதன்முதல் வெளிப்படத் தொட்டது இப்படமே. கதையில் வரும் புகைப்படக்காரன் செவிடன், ஊமை. சிறையில் உடனிருந்தோரை அழைத்துச் செல்கின்றனர். காட்சி அவர்பின் செல்லாது அறையிலேயே தங்குகிறது. துப்பாக்கி ஓசை நமக்குக் கேட்கிறது, அவனுக்குக் கேட்கவில்லை. பிற்பாடு அவன் மனைவி மகவோடு படம் எடுத்துக்கொள்கிறான். அவன் பிடிபட்ட செய்தியை மனைவியின் கடிதத்தால் மட்டும் அறிகிறோம். பிடித்த காட்சி இல்லை. அதைக் காட்டியிருப்பின் நாம் இரண்டு துளி கண்ணீர் விட்டு மறந்திருப்போம். வெனிஸ் விழாவில் இப்படம் தங்கச் சிங்கம் பெற்றது.

1998இல் வந்த 'ஷாங்காய் மலர்கள்' படத்தில் இம்முறை இன்னும் இறுகியது. ஏறக்குறைய இரண்டு மணி நேரப் படம்; துண்டுகளோ நாற்பதுக்கும் குறைவு. எண்ணெய் விளக்கொளியில் ஒரு காட்சி நெடுநேரம் நின்று, மெல்ல இருளில் மறைந்து, அடுத்தது எழும். இத்தகைய படத்தில் தொகுப்பாளருக்கு என்ன வேலை என்று கேட்பாருமுண்டு. எப்போது இருளவேண்டும் என்று தீர்மானிப்பதே அவ்வேலை.