தாம்பரத்துப் பாறையும் மின்னலும்

ஆனி, ஆடி மாதங்களில் பகலெல்லாம் அனலாய்க் காய்ந்துவிட்டு, அந்தி மயங்கும் நேரத்தில் காஞ்சிபுரத்துத் திக்கிலிருந்து கறுத்தெழும் மேகம் முடிச்சூரையும் பெருங்களத்தூரையும் கடந்து தாம்பரத்தின்மேல் வந்து கவிவதை இப்பகுதியில் குடியிருப்போர் ஆண்டுதோறும் காண்கிறார்கள். மேல்திசைப் பருவக்காற்றும் கீழ்த்திசைக் கடற்காற்றும் சந்திப்பதால் பிறக்கும் அந்த இடிமழையும், சித்திரை வைகாசியில் பெய்யும் கோடை மழையும், ஐப்பசியில் வடகிழக்குப் பருவம் தொடங்கும் நாட்களுமே நம் வீடுகளுக்கு மின்னலால் விசேஷ அபாயம் விளைவிப்பவை. கார்த்திகைப் புயலின் அடைமழையில் வெள்ள பயம் பெரிதேயன்றி மின்னல் பெரும்பாலும் குறைவு. ஆகையால் கீழே சொல்லப்போகும் ஏற்பாடுகளைப் பங்குனிக்குள் முடித்துக்கொள்வது உசிதம்.

முதற்காரியமாக, மழை இல்லாத ஒரு நாளில் தெருவின் எதிர்ப்புறத்தில் நின்று உங்கள் வீட்டை அண்ணாந்து பாருங்கள். உலோகம் காந்தம்போல் மின்னலை இழுக்கும் என்பதும், கையிலுள்ள செல்போன் அதை வரவழைக்கும் என்பதும் பரவலான நம்பிக்கைகள், இரண்டும் உண்மையல்ல. மேகத்தினுள் பனித்துகள்கள் மோதி உராய்வதால் அதன் அடிப்புறத்தில் திரளும் எதிர்மின்னேற்றம் படிப்படியாகக் கீழிறங்கி, தரையிலிருந்து சில பத்து மீட்டர் உயரத்தை எட்டிய பிறகே, எங்கே விழுவது என்பது நிர்ணயமாகிறது. அந்தக் கணத்தில் அருகில் உயர்ந்தும் கூர்மையாகவும் தனித்தும் நிற்கும் பொருள் எதுவோ, அதிலிருந்து ஒரு மின்னிழை எதிர்கொண்டு மேலெழுந்து அதனோடு கூட, ஏறத்தாழ 30,000 ஆம்பியர் பிரவாகம் ஒரு நொடியின் மிகச் சிறு பின்னத்துக்குள் பாய்ந்து விடுகிறது. அணுவளவும் உலோகமில்லாத தென்னை ஆண்டுதோறும் கருகி நிற்பதன் காரணம் அதன் உயரமும் தனிமையுமே. எனவே நான்கு புறமும் அடுக்குமாடிகள் சூழ்ந்த குரோம்பேட்டைச் சந்து வீட்டுக்கும், ஏரியை ஒட்டிய புதிய மனைப்பிரிவில் தன்னந்தனியாக எழுந்த மூன்று மாடி வீட்டுக்கும் அபாயம் ஒன்றல்ல. பின்னதற்கு இடிதாங்கி அவசியம். மொட்டை மாடியின் மிக உயர்ந்த இடத்தில் நிறுத்திய கம்பியிலிருந்து, குறைந்தது இரண்டு உலோகப் பட்டைகளைச் சுவரின் வெளிப்புறமாக, கூர்மையான வளைவின்றி இறக்கி நிலத்தில் சேர்க்க வேண்டும். மாடியிலுள்ள தகரக் கூரையையும் இரும்புத் தாங்கியையும் அவற்றோடு இணைத்துவிட வேண்டும். அளவுகளையெல்லாம் ஐ.எஸ்./ஐ.இ.சி. 62305 என்ற இந்தியத் தரநிர்ணயம் வகுத்திருக்கிறது. செய்பவர் அதை அறிந்தவர்தானா என்று முன்கூட்டியே கேட்டுவிடுங்கள்.

ஆனால் கம்பியைவிட முக்கியமானது அது சென்று சேரும் நிலம். இதில் நம் பகுதிக்குப் பிரத்தியேகமான ஒரு சங்கடம் உண்டு. கல்கத்தாவில் உள்ள ஜாப் சார்னாக்கின் கல்லறைக் கல்லை ஆராய்ந்த தாமஸ் ஹாலந்து என்ற நிலவியலறிஞர், 1893-ல் அந்தச் சார்னாக்கின் பெயராலேயே ‘சார்னோக்கைட்’ என்று அழைத்த கடும்பாறை, நம் பல்லாவரத்துக் குன்றுகளின் பாறையே ஆகும். பரங்கிமலையிலிருந்து தாம்பரம் வரையில் பல இடங்களில் சில அடி தோண்டியவுடன் கடப்பாறை நங்கென்று மோதுவது அதன்மேல்தான். அத்தகைய பாறை மின்சாரத்தை எளிதில் உள்வாங்காது. சேலையூர், செம்பாக்கம், முடிச்சூர் ஏரிக்கரைகளின் களிமண்ணோ ஈரமுள்ளவரையில் நன்றாக உள்வாங்கும். கோடையில் வெடித்து உலர்ந்துவிட்டால் அதுவும் மறுக்கும், அதுவும் முதல் இடிமழை வரவிருக்கும் சமயத்தில்.

ஆகையால் இரண்டாவது காரியம் எர்த் குழியைச் சோதிப்பது. கான்கிரீட் மூடியைத் திறந்து, கம்பி துருப்பிடித்து அறுந்திருக்கிறதா என்று பாருங்கள். எத்தனையோ வீடுகளில் அந்த மூடி கிரகப்பிரவேசத்துக்குப் பிறகு திறக்கப்படுவதேயில்லை என்பதை நான் மிகுந்த வருத்தத்தோடு கண்டிருக்கிறேன். பின்னர் எர்த் டெஸ்டர் வைத்திருக்கும் மின்பணியாளர் ஒருவரைக் கொண்டு, நிலம் உலர்ந்திருக்கும் பங்குனியிலேயே அளக்கச் சொல்லுங்கள். இடிதாங்கிக்கு 10 ஓமுக்கு மேற்படாதிருப்பது நியமம். சாதாரண மண்ணில் இரண்டரை மீட்டர் நீளமுள்ள ஒரு ஜி.ஐ. குழாயை, அதைச் சுற்றிக் கரியும் உப்பும் இட்டுப் புதைத்தாலே போதியதாகலாம். பாறை தடுக்கும் மனையில் ஒரே குழியோடு போராடுவதை விட்டு, இடைவெளி விட்டுப் பல குழிகளை இட்டு ஒன்றோடொன்று இணைப்பதோ, சுற்றுச்சுவரை ஒட்டிக் கிடைமட்டமாகப் பள்ளம் பறித்து நீண்ட பட்டையைப் புதைப்பதோ, பென்டோனைட் களிமண்ணை இட்டு ஈரத்தை நிலைநிறுத்துவதோதான் தக்க உபாயம். கோடையில் வாரம் ஒருமுறை அக்குழியில் நாலைந்து குடம் தண்ணீர் ஊற்றுவதையும் மறக்கலாகாது.

ஒரு சிறு கணக்கு இங்கே பயன்படும். பத்து ஓம் உள்ள எர்த்தில் 30,000 ஆம்பியர் இறங்கினால், அக்கணம் அந்த எர்த் மூன்று லட்சம் வோல்ட்டுக்கு உயர்ந்து நிற்கும். டி.வி.க்கு ஒரு குழி, கம்ப்யூட்டருக்கு வேறொரு குழி என்று ஒன்றையொன்று சேராமல் தனித்தனியே அமைப்பது பாதுகாப்பு என்று சிலர் எண்ணுவது ஏன் பிழை என்பது இதனால் விளங்கும். ஒன்று உயர, மற்றது தாழ்ந்தே நிற்குமாயின், அந்த வித்தியாசம் முழுவதும் நடுவிலுள்ள உபகரணத்தைத் துளைத்துக்கொண்டுதான் பாயும். எல்லாக் குழிகளையும், உலோகக் குழாய்களையும், டிஷ் ஆன்டெனாவின் சட்டத்தையும், மின்னறிந்த ஒருவரைக் கொண்டு ஒரே எர்த்தோடு இணைத்துவிட்டால் வீடு முழுவதும் சேர்ந்தே உயர்ந்து சேர்ந்தே தாழும்.

மூன்றாவது காரியம் எஸ்.பி.டி. எனப்படும் மிகைமின் தடுப்பான். வீட்டின்மேல் மின்னல் நேராக விழுவது அபூர்வம். எங்கோ ஒரு மின்கம்பத்தின் அருகே விழுந்து, கம்பி வழியாக உள்ளே வரும் அலையே பெரும்பாலான நாசத்தைச் செய்கிறது. எம்.சி.பி.யும் ஸ்டெபிலைசரும் இன்வெர்ட்டரும் இதைத் தடுக்கப் படைக்கப்பட்டவையல்ல. இடிதாங்கி உள்ள வீட்டுக்கும், மேலே கம்பி ஓடும் தெருவில் உள்ள வீட்டுக்கும் மீட்டர் பெட்டியை அடுத்து முதல் வகையும் இரண்டாம் வகையும் சேர்ந்த தடுப்பானைப் பொருத்துவது நலம். அதன் இணைப்புக் கம்பிகள் அரை மீட்டருக்கு மேற்படலாகாது. நீண்டால் பயன் குன்றும். நல்ல எர்த் இல்லாத இடத்தில் எத்தனை விலையுயர்ந்த தடுப்பானும் வீண்.

போர் மோட்டாரைத் தனியே சொல்ல வேண்டும். பாறையைத் துளைத்து நூற்றுக்கணக்கான அடி ஆழத்தில், நீருக்குள் அமிழ்ந்திருக்கும் சப்மெர்சிபிள் மோட்டாரின் உடல், வீட்டிலுள்ள எந்த எர்த்தையும்விடச் சிறந்த எர்த்தாக அமைந்துவிடுகிறது. ஆதலால் கம்பியில் வரும் அலை அதன் சுருளைத் துளைத்தே பூமியை நாடுகிறது. மோட்டாரைத் தூக்கி மறுபடி இறக்கும் செலவை அறிந்தவர்கள், ஸ்டார்ட்டர் பெட்டியிலும் ஒரு தடுப்பானை வைக்கத் தயங்கமாட்டார்கள்.

மேகம் கறுக்கும்போது, முதல் இடிக்கு முன்பாகவே, டி.வி., ரவுட்டர், கம்ப்யூட்டர் ஆகியவற்றின் பிளக்கைப் பிடுங்கிவிடுங்கள். ஸ்விட்சை அணைப்பது போதாது. அதன் உள்ளிடைவெளி சில மில்லிமீட்டரே, அது துண்டிப்பதும் இரண்டு கம்பிகளில் ஒன்றைத்தான். டிஷ் கேபிளையும் லேன் கம்பியையும் கழற்ற வேண்டும். கண்ணாடியிழைக் கேபிள் தானாக மின்சாரத்தைக் கடத்தாதாயினும், அதன் பெட்டிக்கு மின்சாரம் கொடுக்கும் அடாப்டர் கடத்தும். என் வீட்டில் ஒருமுறை கருகியது அதுவே. இடி முழங்கத் தொடங்கிவிட்டால் எதையும் தொடாமல் விட்டுவிடுங்கள். பொருள் போனால் வாங்கிக்கொள்ளலாம்.

இடி கேட்டால் ‘அர்ச்சுனா, அர்ச்சுனா’ என்று சொல்லப் பாட்டிமார் நமக்குக் கற்பித்தார்கள்; அதனோடு எண்ணுவதையும் குழந்தைகளுக்குக் கற்பிக்கலாம். மின்னலுக்கும் முழக்கத்துக்கும் இடையே மூன்று விநாடிக்கு ஒரு கிலோமீட்டர். முப்பது எண்ணுவதற்குள் முழங்கினால் உள்ளே வந்துவிட வேண்டும்; கடைசி முழக்கத்துக்குப் பிறகு அரை மணி நேரம் வெளியே போகலாகாது. அவ்வேளையில் மாடியில் துணி எடுப்பதும், குளிப்பதும், ஜன்னல் கம்பியைப் பற்றி நிற்பதும் தவிர்க்கத்தக்கவை. ஜி.எஸ்.டி. சாலையில் இருசக்கர வண்டியில் வருபவர் மரத்தடியை நாடாமல் ஒரு கட்டடத்தினுள் புக வேண்டும். கண்ணாடி ஏற்றிய காரும் மின்சார ரயில்பெட்டியும் பத்திரமானவையே. புனேயிலுள்ள வெப்பமண்டல வானிலை ஆய்வு நிறுவனம் உருவாக்கிய ‘தாமினி’ செயலி சுற்றுவட்டாரத்து மின்னலை முன்னறிவிக்கிறது. மின்னல் தாக்கியவர் உடலில் மின்சாரம் தங்குவதில்லை. உடனே தொட்டு, மூச்சும் நாடியும் இல்லையேல் நெஞ்சை அழுத்தத் தொடங்கி, 108-ஐ அழைக்கச் சொல்லுங்கள்.

மழை ஓய்ந்தபின், கம்பி அறுந்து கிடந்தால் அருகே செல்லாமல் மின்வாரியத்தின் புகார் மையமான மின்னகத்தின் 94987 94987 எண்ணுக்குச் சொல்லிவிட்டு, தடுப்பானின் சிறு சாளரத்தைப் பாருங்கள். பச்சை இருந்தால் அது இன்னும் உழைக்கிறது. சிவப்பாகியிருந்தால், மறுநாள் அந்தியில் மேற்கே மேகம் எழுவதற்குள் புதியதை வாங்கி மாற்றிவிடுங்கள்.