முதலில் கன், பிறகு கம்ப்ரசர்

சொந்தமாகப் பெயிண்டிங் பட்டறை போடுகிறவர்கள் கடையில் கேட்பது இரண்டு கேள்விகள்: மோட்டார் எத்தனை எச்.பி.? டேங்க் எத்தனை லிட்டர்? இவற்றுக்கு முன்பே விடை தெரிய வேண்டிய கேள்வி ஒன்று உண்டு. உங்கள் ஸ்ப்ரே கன்னுக்கு நிமிடத்துக்கு எவ்வளவு காற்று வேண்டும்?

கன்னின் தேவை

காற்றின் அளவை சி.எஃப்.எம். என்பார்கள், நிமிடத்துக்கு இத்தனை கன அடி. ஒரு கன அடி ஏறத்தாழ 28 லிட்டர். சின்ன டச்-அப் கன்னுக்கு 3 முதல் 5 சி.எஃப்.எம். போதும். கார் பெயிண்டிங்கில் பயன்படும் எச்.வி.எல்.பி. கன்கள் பலவற்றுக்கு 10 சி.எஃப்.எம். அல்லது அதற்கு மேல் வேண்டும். அவற்றுக்கு 30 பி.எஸ்.ஐ. அழுத்தமே போதும் என்பதால் சின்ன கம்ப்ரசர் ஈடுகொடுக்கும் என்று நம்பிவிடாதீர்கள். அழுத்தம் குறைவு, காற்று அதிகம்: அந்தக் கன்னின் அமைப்பே அதுதான்.

லேபிளில் எந்த எண்?

பிஸ்டன் உள்ளே இழுக்கும் காற்று ஓர் எண். உண்மையில் வெளியே கிடைக்கும் காற்று, அதாவது எஃப்.ஏ.டி., இன்னோர் எண். இரண்டாவது எப்போதும் குறைவாகவே இருக்கும். அதைக் கேட்டு வாங்குங்கள். கன்னின் தேவையைவிட மூன்றில் ஒரு பங்காவது கூடுதலாக இருந்தால் பம்பு இடைவிடாமல் ஓடிச் சூடேறாது.

டேங்க் எவ்வளவு தாங்கும்?

160 லிட்டர் டேங்க் 8 பாரிலிருந்து 4 பாருக்கு இறங்கும்போது 640 லிட்டர் காற்று தரும். கன் 10 சி.எஃப்.எம். கேட்க, பம்பு 6 மட்டுமே கொடுத்தால், அந்தச் சேமிப்பு ஐந்தரை நிமிடத்தில் தீர்ந்துவிடும். ஒரு கதவு அடிக்கலாம். முழுக் காரை நிறுத்தாமல் அடிக்க முடியாது. அழுத்தம் விழுந்தால் பெயிண்ட் சரியாகச் சிதறாமல் ஆரஞ்சுத் தோல் போலப் படியும்.

தண்ணீரும் குழாயும்

அழுத்திய காற்று ஆறும்போது அதிலுள்ள ஈரம் தண்ணீராகும். தினமும் டேங்க் அடியிலுள்ள வால்வைத் திறந்து அதை வெளியேற்றுங்கள். ஃபில்டரை கம்ப்ரசரை ஒட்டி மாட்டாமல், காற்று ஆறி வரும் இடத்தில் தள்ளி மாட்டுங்கள். ஹோஸின் உள்விட்டம் முக்கால் அங்குலத்தில் பாதி, அதாவது 3/8 அங்குலம் இருக்கட்டும். கால் அங்குல ஹோஸில் அழுத்தம் வழியிலேயே கரைந்துவிடும்.

பணம் கொடுக்கும் முன்

காலி டேங்க்கை நிரப்பச் சொல்லி நேரம் பாருங்கள். 160 லிட்டர் டேங்க் 8 பார் எட்ட 6 நிமிடம் ஆனால், கிடைப்பது நிமிடத்துக்குச் சுமார் 213 லிட்டர். அதாவது ஏழரை சி.எஃப்.எம். பழைய கம்ப்ரசருக்கும் இதே சோதனைதான். கூடவே சேஃப்டி வால்வையும் டேங்க்கின் துருவையும் பாருங்கள். கணக்கு உங்கள் கன்னுக்குப் பொருந்தினால் மட்டும் வாங்குங்கள்.